ஷெனுவா மலைப் பெண்களின் முறை



சிறுமி ஒருத்தி வாப்பாவின் கையைப் பிடித்தபடி முதன்முதலாகப் பள்ளிக்கூடம் போகிறாள். வாப்பாவின் தலையில் துருக்கித் தொப்பி. உடம்பில் ஐரோப்பியர் அணியும் கோட்டும் காற்சட்டையும். கையில் ஒரு பை. அந்தப் பிரெஞ்சுப் பாடசாலையில் அவரும் ஓர் ஆசிரியர். ஊரார் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். பெண்பிள்ளைக்கு எழுதப் பழக்கினால் நாளைக்கு என்னவெல்லாம் நடக்குமோ என்று அவர்களுக்குப் பயம்.

இது நடந்தது அல்ஜீரியாவில், 1940களின் தொடக்கத்தில். அந்நாடு 1830 முதல் பிரான்சின் பிடியில் இருந்த காலம் அது. சிறுமியின் பெயர் பாத்திமா ஸுஹ்ரா இமலாயென். நமது ஊர்களில் வகுப்புக்கு ஒரு பாத்திமா ஸுஹ்ராவாவது இருப்பாள் அல்லவா? பிற்காலத்தில் இந்தப் பாத்திமா ஸுஹ்ராவை உலகம் ஆஸியா ஜபார் என்ற புனைபெயரால் அறிந்துகொண்டது. பெரும் நாவலாசிரியை. 1635இல் தொடங்கப்பட்ட பிரெஞ்சு அக்கடமிக்கு 2005இல் தெரிவானபோது, மக்ரிப் நாடுகளிலிருந்து அங்கு நுழைந்த முதலாமவர் என்ற பெயரும் அவருக்குக் கிடைத்தது.

ஆனால் இம்மாதம் நான் பேச எடுத்துக்கொண்டது அவரது நாவல்களை அல்ல. அவர் தம் வாழ்நாளில் எடுத்த இரண்டே இரண்டு திரைப்படங்களைப் பற்றித்தான் பேசப் போகிறேன். “சினிமாவா? இந்தப் பக்கத்திலா?” என்று முகம் சுளிக்காதீர்கள். பாட்டும் சண்டையும் காதலும் நிறைந்த சினிமா அல்ல இது. எழுத வாசிக்கத் தெரியாத உம்மாமாரும் உம்மும்மாமாரும் தங்கள் வாயால் தங்கள் கதையைச் சொல்வதற்காக, படித்த ஒரு மகள் எடுத்த படம். படித்தவளுக்கும் படியாதவளுக்கும் நடுவே விழுந்துவிட்ட பள்ளத்தைத் தாண்ட அவள் போட்ட பாலம் என்றும் சொல்லலாம்.

“அவள் ஓதுகிறாள்”

ஆஸியா ஜபார் 1936 ஜூன் 30ஆம் திகதி ஷெர்ஷெல் என்ற ஊரில் பிறந்தார். தலைநகர் அல்ஜியர்ஸுக்கு மேற்கே சுமார் 100 கிலோமீற்றர் தூரத்தில், மத்தியதரைக் கடலோரத்தில் உள்ள பழைய பட்டினம் அது. பக்கத்திலேயே ஷெனுவா மலை. பட்டினத்தில் அரபு பேசுவார்கள். மலையில் பெர்பர் மொழி. அவரது தாய்வழி முன்னோர் அந்த மலைப்புறத்துப் பெனி மெனாசர் கோத்திரத்தவர். 1871இல் பிரெஞ்சுக்காரருக்கு எதிராகக் கிளர்ந்தெழுந்த கோத்திரம் அது.

சிறுமி பிரெஞ்சுப் பள்ளிக்கும் போனாள், குர்ஆன் மத்ரஸாவுக்கும் போனாள். ஒரு சூராவை மனனம் செய்து முடித்தால் அவளது மரப்பலகையை அலங்கரித்து வீட்டிலே பெண்கள் குலவையிட்டுக் கொண்டாடுவார்களாம். அவளோடு விளையாடிய மச்சிமாரும் தோழியரும் பத்துப் பன்னிரண்டு வயதானதும் வீட்டோடு நின்றுவிட்டார்கள். வெள்ளைப் போர்வைக்குள் போனார்கள். இவள் மட்டும் பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்தாள். உறவுப் பெண்கள் உம்மாவிடம் கேட்பார்கள், பிள்ளை பெரிய மனுஷியாகப் போகிறாளே, இன்னும் ஏன் முக்காடு போடவில்லை என்று. அதற்கு உம்மா ஒரே சொல்லில் மறுமொழி சொல்வாராம். அரபியில் அந்தச் சொல்லுக்கு வாசிக்கிறாள், ஓதுகிறாள், படிக்கிறாள் என்று எல்லாப் பொருளும் உண்டு. நமது வீடுகளில் “பிள்ளை ஓதுது” என்று சொல்வோமே, அதைப் போல. அந்தச் சொல்லைக் கேட்டதும் கேட்டவர் வாயடைத்துப் போவார்.

வாப்பா ஒரு கையால் கொடுத்தவர். மறு கையால் இழுத்துப் பிடித்தவர். மகளைப் படிக்க வைத்தவரும் அவரே. மகளுக்குப் பதினேழு வயதில் முன்பின் தெரியாத ஒரு மாணவனிடமிருந்து கடிதம் வந்தபோது, அதைக் கோபத்தோடு கிழித்துப் போட்டவரும் அவரே. இந்த இரண்டையும் மகள் பிற்காலத்தில் ஒளிக்காமல் எழுதினார். வாப்பாவைக் குறைசொல்வதற்காக அல்ல. தான் எப்படி இப்படியானேன் என்று தனக்கே விளங்கிக்கொள்வதற்காக.

1955இல் பாரிஸில் பெண்களுக்கென இருந்த ஸெவ்ர் உயர் ஆசிரியர் கல்லூரியில் அவர் சேர்ந்தார். அங்கே அனுமதி பெற்ற முதல் அல்ஜீரிய முஸ்லிம் பெண் அவர்தான். அதற்கு முந்திய வருடம், 1954 நவம்பர் முதலாம் திகதி, நாட்டில் விடுதலைப் போர் மூண்டிருந்தது. 1956இல் அல்ஜீரிய முஸ்லிம் மாணவர்கள் வகுப்புகளைப் பகிஷ்கரித்தபோது இவரும் பரீட்சை எழுத மறுத்தார். சும்மா இருந்த அந்த நாட்களில் ஒரு நாவல் எழுதினார். 1957இல் அது வெளியானது. வீட்டாருக்குத் தெரியக்கூடாதென்று வைத்துக்கொண்டதே ஆஸியா ஜபார் என்ற பெயர்.

போர்க்காலத்தில் தூனிஸியாவுக்குச் சென்று அகதிகளான அல்ஜீரியப் பெண்களைச் சந்தித்துப் பேசினார். பிறகு மொரோக்கோவில் ரபாத் பல்கலைக்கழகத்தில் வரலாறு கற்பித்தார். 1962 ஜூலையில் நாடு விடுதலையானதும் ஊர் திரும்பினார். 1967க்குள் நான்கு நாவல்கள் வெளிவந்துவிட்டன.

ஒரு நீண்ட மௌனம்

அதன் பின்னர்தான் நமது கதை தொடங்குகிறது. பத்து வருடத்துக்கு மேலாக அவர் புதிய நாவல் எதனையும் வெளியிடவில்லை. பேர் பெற்ற எழுத்தாளர், கையிலே மொழி இருக்கிறது, வெளியிட ஆள் இருக்கிறது. பிறகேன் மௌனம்?

காரணத்தை அவரே பலவிதமாகச் சொல்லியிருக்கிறார். சுருக்கிச் சொன்னால் இதுதான்: அவருக்கு எழுதத் தெரிந்த மொழி பிரெஞ்சு. அது நாட்டை எரித்தவர்களின் மொழி. வாப்பா கொடுத்த மொழியும் அதுவே. அந்த மொழி அவருக்கு வீதியைத் திறந்துவிட்டது. ஆனால் வீட்டுக்குள்ளிருந்த பெண்களிடமிருந்து அவரைத் தூரமாக்கியும் விட்டது. உம்மாவும் உம்மும்மாவும் மாமிமாரும் பேசிச் சிரித்து அழுத மொழியில் அவரால் ஒரு புத்தகம் எழுத முடியவில்லை. பிரெஞ்சில் எழுதினால் அந்தப் பெண்களால் வாசிக்க முடியாது. அப்படியானால் யாரைப் பற்றி, யாருக்காக எழுதுவது?

சகோதரிகளே, இந்தக் கேள்வி சற்று யோசிக்க வேண்டிய ஒன்று. மகள் படித்து முன்னேறுவது எல்லோருக்கும் மகிழ்ச்சி. ஆனால் படித்த மகளுக்கும் படியாத தாய்க்கும் பேசுவதற்கு ஒன்றுமே இல்லாமல் போனால், அந்தப் படிப்பில் ஒரு நட்டமும் இருக்கிறது. அந்த நட்டத்தை மறைக்காமல் ஒத்துக்கொண்டவர் ஆஸியா ஜபார். அவர் கண்ட மருந்துதான் திரைப்படம். படம் பேசுவதற்கு எழுத்து வேண்டியதில்லை. உம்மாவின் அரபு அப்படியே ஒலிக்கும். மலைக்கிழவியின் பெர்பர் அப்படியே ஒலிக்கும். எழுதத் தெரியாதவளும் கேட்டுப் புரிந்துகொள்வாள்.

கமராவுக்கு முன்னே காது

1970களின் நடுவில் அவர் தாயின் கோத்திரத்தார் வாழும் ஷெனுவா மலைப்புறத்துக்குப் போனார். போனதும் கமராவைத் தூக்கவில்லை. ஒலிப்பதிவுக் கருவி ஒன்றை வைத்துக்கொண்டு மாதக்கணக்கில் பெண்களோடு இருந்து, அவர்கள் சொல்வதைக் கேட்டார். முதலில் குரல், பிறகுதான் காட்சி என்பது அவரது முறை. சினிமாக்காரர்கள் வழக்கமாகச் செய்வதற்கு இது நேர்மாறானது.

அந்தப் பெண்கள் என்ன சொன்னார்கள்? போரைப் பற்றிச் சொன்னார்கள். போர் என்றதும் நமக்குத் துப்பாக்கியும் தளபதியும் கொடியும் ஞாபகம் வரும். இவர்கள் சொன்னதோ வேறு போர். இரவில் கதவைத் தட்டிய போராளிகளுக்கு ரொட்டி சுட்டுக் கொடுத்தது. விடிந்ததும் பட்டாளம் வந்து வீட்டைக் கொளுத்தியது. மறுபடி கட்டியது, மறுபடி கொளுத்தியது. பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு ஓடியது. மகனின் ஜனாஸாவைக்கூடப் பார்க்கக் கிடைக்காமல் போனது. அப்படிச் சேர்த்த வாக்குமூலங்கள் பின்னர் அவரது 1985ஆம் ஆண்டு நாவலிலும் இடம்பெற்றன. அதிலே ஒருத்தி, பதின்மூன்று வயதில் தன் சகோதரன் சுடப்பட்டு விழுந்ததைக் கண்டவள். பட்டாளத்துக்குப் பயந்து மரத்தில் ஏறி இரவைக் கழித்தவள்.

இவை ஒன்றும் எந்தச் சரித்திரப் புத்தகத்திலும் இல்லை. போர் முடிந்ததும் ஆண்களுக்குப் பதவியும் பதக்கமும் கிடைத்தன. ரொட்டி சுட்டவள் மறுபடி அடுப்படிக்குப் போனாள். அவள் செய்ததும் போர்தான் என்று அவளிடம் யாரும் சொல்லவுமில்லை, அவளைக் கேட்கவுமில்லை. பதினைந்து வருடம் கழித்து முதன்முதலாக ஒருத்தி வந்து பக்கத்தில் குந்தியிருந்து கேட்டாள்.

நூபா என்றால் முறை

படம் 1977இல் முடிவடைந்தது. அல்ஜீரியத் தொலைக்காட்சிக்காக எடுக்கப்பட்டது. 115 நிமிடம் ஓடுகிறது. பெயர், ‘ஷெனுவா மலைப் பெண்களின் நூபா’. அல்ஜீரியப் பெண் ஒருவர் எடுத்த முதலாவது முழுநீளத் திரைப்படம் என்று இதனைச் சொல்வார்கள்.

நூபா என்ற சொல்லுக்கு இரண்டு பொருள். ஒன்று, ஸ்பெயினில் முஸ்லிம்கள் வாழ்ந்த காலத்து அந்தலூஸிய இசை. அங்கிருந்து துரத்தப்பட்ட மக்கள் வட ஆபிரிக்காவுக்குக் கொண்டுவந்த சொத்துக்களில் அதுவும் ஒன்று. இஸ்திக்பார் என்ற முன்னிசையில் தொடங்கி, மெதுவாக நடந்து, படிப்படியாக வேகம்பிடித்து, கலாஸ் என்ற முடிவுப் பகுதியில் வந்து நிற்கும். ஆஸியா ஜபார் தமது படத்தையும் இதே வரிசையில் பகுதி பகுதியாகப் பிரித்தார். கதைக்குத் தொடக்கம், நடு, முடிவு என்று வைக்காமல் இசையின் நடையில் படத்தை நடத்தினார். இவ்வகைப் படங்களைச் ‘சோதனை முயற்சிப் படங்கள்’ என்று விமர்சகர்கள் சொல்வதற்கு இது ஒரு காரணம்.

மற்றப் பொருள் இன்னும் அழகானது. நௌபா என்றால் அரபியில் ‘முறை’. ஒருவர் பேசி முடித்ததும் அடுத்தவருக்கு வருகிற முறை. ஆக, படத்தின் பெயரே, இனிப் பேசுவது பெண்களின் முறை என்று சொல்லிவிடுகிறது.

இந்தப் பெயருக்குப் பின்னால் உம்மாவின் கதை ஒன்றும் உண்டு. ஆஸியா ஜபாரின் தாயார் இளம் வயதில் இந்த நூபாப் பாடல்களை அழகிய அரபு எழுத்தில் கொப்பிகளில் எழுதிப் பாதுகாத்து வைத்திருந்தார். போர்க்காலத்தில் வீட்டைச் சோதனையிட வந்த பிரெஞ்சுப் பட்டாளத்துக்கு அந்த எழுத்தை வாசிக்கத் தெரியவில்லை. ஏதோ போராளிகளின் இரகசியச் செய்தி என்று நினைத்து அவற்றைக் கிழித்துவிட்டார்கள். ஒரு தாயின் கொப்பி போனது. பல வருடம் கழித்து மகள் அந்தப் பாடல் வடிவத்தையே எடுத்து ஒரு படமாகத் திருப்பிக் கொடுத்தாள். இப்படி நினைத்துப் பார்க்கும்போது அந்தப் பெயரின் கனம் நமக்கு விளங்கும்.

படம் இருவருக்குக் காணிக்கையாக்கப்பட்டிருக்கிறது. ஒருவர் ஹங்கேரி நாட்டு இசைமேதை பேலா பார்ட்டோக். அவர் 1913இல் அல்ஜீரியாவின் பிஸ்க்ரா பகுதிக்கு வந்து நாட்டுப்புற மக்களின் பாடல்களைக் கேட்டுப் பதிவு செய்தவர். ஆளவும் பறிக்கவும் பலர் வந்த நாட்டுக்குக் கேட்பதற்காக வந்த ஒருவர். மற்றவர் ஷெர்ஷெல் ஊரின் ஸுலைகா. பிள்ளைகளின் தாய். வீட்டை விட்டு மலைக்குச் சென்று போராளிகளோடு சேர்ந்தவர். 1957இல் பிடிபட்டுக் கொல்லப்பட்டார். அவருடைய மகள்மாரைச் சந்தித்துக் கேட்டவற்றை ஆஸியா ஜபார் இருபத்தைந்து வருடம் மனதில் சுமந்து, 2002இல் ஒரு நாவலாக எழுதினார். அதன் பெயரின் பொருள், ‘கபுறு இல்லாத பெண்’.

வாசலில் நிற்கும் கணவன்

படத்தில் ஒரு சிறு கதையும் இருக்கிறது. லைலா என்ற முப்பது வயதுப் பெண். கட்டடக் கலைஞர். போர் முடிந்து பதினைந்து வருடத்துக்குப் பிறகு தன் பிறந்த பகுதிக்கு வருகிறாள். கணவன் அலி மிருக வைத்தியர். குதிரையிலிருந்து விழுந்து காலில் அடிபட்டுச் சக்கர நாற்காலியில் இருக்கிறான். ஒரு சின்ன மகளும் உண்டு.

படத்தின் தொடக்கத்தில் லைலா சுவர்ப்பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டு நிற்கிறாள். தன்னை யாரும் பார்க்க வேண்டாம் என்கிறாள். பேசுவது மட்டும் கேட்கிறது. சினிமா என்றால் பெண்ணின் முகத்தைத்தான் முதலில் காட்டுவார்கள். இந்தப் படமோ முகத்தை மறைத்துக் குரலைத் தருகிறது.

ஆஸியா ஜபார் தம் வாழ்நாளில் முதன்முதலாகப் படம்பிடித்த காட்சி எது தெரியுமா? சக்கர நாற்காலியில் இருக்கும் கணவன், படுக்கையறை வாசலில் வந்து நிற்கிறான். உள்ளே மனைவி உறங்குகிறாள். நடுவில் இரண்டு படி. அவனால் ஏற முடியாது. வாசலில் இருந்தபடி பார்க்க மட்டுமே முடிகிறது. இருவரும் சண்டை பிடிப்பதில்லை. ஒருவரையொருவர் வெறுப்பதுமில்லை. ஆனாலும் பேச்சு வருவதில்லை. போர் இருவரையும் காயப்படுத்தியிருக்கிறது. எப்படிப் பேசுவதென்று இருவருக்கும் தெரியவில்லை.

நமது வீடுகளிலும் இந்த இரண்டு படிகள் இருப்பதுண்டு. யாரும் கெட்டவர்களில்லை, ஆனாலும் ஒருவர் அறைக்குள் ஒருவர் போக முடிவதில்லை. இதைச் சொல்ல அவர் ஒரு வசனமும் எழுதவில்லை. இரண்டு படியை வைத்தே சொல்லிவிட்டார்.

கணவன் வாசலில் நிற்க, மனைவி வெளியே போகிறாள். வாகனத்தை ஓட்டிக்கொண்டு மலை வீடுகளுக்குப் போய்ப் பெண்களைக் கேட்கிறாள். இங்கேதான் கற்பனைக் கதையும் உண்மையும் ஒன்றாகின்றன. லைலாவாக வருபவர் நடிகை. ஆனால் அவளுக்குப் பதில் சொல்லும் ஆறு மலைப்பெண்கள் நடிக்கவில்லை. தங்கள் சொந்தக் கதையைத் தங்கள் வீட்டு முற்றத்திலேயே சொல்கிறார்கள். லைலா குறுக்கே பேசுவதில்லை. வெளிநாட்டுப் படங்களில் வருவதுபோல, ஏழைப் பெண் அழ, படித்த பெண் விளக்கம் சொல்லும் வேலை இங்கே இல்லை. படித்தவள் இங்கே கேட்பவள் மட்டும்தான்.

இடையிடையே உம்மும்மா ஒருவர் பெரிய கட்டிலில் இருந்து பேரப்பிள்ளைக்கு இரவில் கதை சொல்கிறார். 1871ஆம் ஆண்டுக் கிளர்ச்சியில் தங்கள் முன்னோர் என்ன செய்தார்கள் என்ற கதை. நூறு வருடத்துக்கு முந்திய சரித்திரம் எப்படித் தப்பிப் பிழைத்தது என்பதற்கு அந்தக் கட்டிலே பதில். நூலகத்தில் அல்ல, உம்மும்மாவின் கட்டிலில் அது இருந்தது. ஒரு உம்மும்மா கதை சொல்லாமல் விட்டால் அந்தச் சங்கிலி அத்தோடு அறுந்துபோகும்.

கண்டனமும் பரிசும்

1978இல் அல்ஜியர்ஸில் படத்தைக் காட்டியபோது பெரிய வரவேற்புக் கிடைத்திருக்கும் என்றுதானே நினைப்பீர்கள்? இல்லை. கடுமையான கண்டனம் எழுந்தது. விடுதலைப் போர் என்றால் வீர சாகசம் இருக்க வேண்டும். இதிலே கிழவிகள் குந்தியிருந்து பேசுகிறார்களே என்றார்கள் சிலர். ஆணை ஏன் இப்படி வாயில்லாமல் நாற்காலியில் உட்கார வைத்தாய் என்று கோபித்தார்கள் சிலர். ஒன்றும் விளங்கவில்லை என்றார்கள் வேறு சிலர்.

இந்தக் குறைகளில் ஒன்றை மட்டும் நாமும் ஒத்துக்கொள்ளலாம். படம் இலகுவானதல்ல. மெதுவாகப் போகும். எது நடந்தது, எது நினைவு, எது கனவு என்று பிரித்துச் சொல்லாது. பொறுமை வேண்டும். ஆனால் மூத்த பெண் ஒருத்தி தன் கதையைச் சொல்வதை நீங்கள் கேட்டிருக்கிறீர்களா? அவரும் அப்படித்தானே சொல்வார்? மூத்த மகன் பிறந்ததில் தொடங்கி, நடுவில் வெள்ளம் வந்த வருடத்துக்குப் போய், தன் கலியாணத்துக்குத் திரும்பி, கடைசியில் செத்துப்போன ஆட்டைப் பற்றிப் பேசி முடிப்பார். ஆண்டு வரிசையில் அல்ல, மனதின் வரிசையில். படமும் அந்த வரிசையிலேயே போகிறது.

1979இல் இத்தாலியின் வெனிஸ் திரைப்பட விழாவில் அதே படத்துக்குச் சர்வதேச விமர்சகர் பரிசு கிடைத்தது. ஊரில் திட்டு, வெளியூரில் பரிசு. எத்தனையோ நல்ல காரியங்களுக்கு நடப்பதுதான் இது.

படத்துக்குள்ளே படம்

இரண்டாவது படம் 1982இல் வந்தது. பெயர், ‘ஸர்தா, அல்லது மறதியின் பாடல்கள்’. சுமார் ஒரு மணி நேரப் படம். ஸர்தா என்றால் மக்ரிப் நாடுகளின் கிராமத்துக் கந்தூரி போன்ற ஒன்றுகூடல். இந்தப் படத்துக்காக அவர் கமராவைக் கொண்டு எங்கும் போகவில்லை. 1912 முதல் 1942 வரையான காலத்தில் பிரெஞ்சுக் கம்பனிகள் வட ஆபிரிக்காவில் பிடித்த பழைய செய்திப்படச் சுருள்களைத் தேடி எடுத்தார். கணவரான கவிஞர் மாலிக் அல்லூலாவும் அவருமாக அவற்றைப் பார்த்துத் தெரிந்து அடுக்கினார்கள். மொரோக்கோ இசையமைப்பாளர் அஹமத் எஸ்ஸியாத் இசை தந்தார்.

அந்தச் சுருள்களில் என்ன இருந்தது? குதிரையோட்டம், சந்தை, கவர்னரின் வருகை, ஆடும் பெண்கள், கமராவைப் பார்த்து மிரளும் பிள்ளைகள். பிரான்சில் இருப்பவர்கள் பார்த்து ரசிப்பதற்காகப் பிடித்தவை. பிடிக்கப்பட்டவர்களிடம் யாரும் அனுமதி கேட்டதில்லை. அவர்கள் பேசியதும் அதில் இல்லை. ஆஸியா ஜபார் என்ன செய்தார்? படங்களை அப்படியே விட்டுவிட்டு, அவற்றின் மேலே பேர் தெரியாத குரல்களை வைத்தார். பாட்டு, முணுமுணுப்பு, ஒப்பாரி. ஆண்டவர்களின் கமரா கண்டதை நாம் பார்க்கிறோம்; அது கேட்காததை இப்போது கேட்கிறோம். இந்தப் படம் 1983இல் பெர்லின் திரைப்பட விழாவில் பரிசு பெற்றது.

இதன் பிறகு அவர் படம் எடுக்கவில்லை. ஆனால் மௌனம் கலைந்துவிட்டது. 1980இல் ஒரு கதைத் தொகுதியும், 1985இல் அவரது மிகச் சிறந்த நாவலும் வந்தன. எழுதியது பிரெஞ்சில்தான். ஆனால் முன்பிருந்த பிரெஞ்சு அல்ல அது. மலைப்பெண்களின் மூச்சும் நிறுத்தமும் அதற்குள் வந்துவிட்டன. அந்நியரின் மொழிக்குள் உம்மாவின் குரலைக் கொண்டுபோய் வைக்கலாம் என்று கற்றுக்கொடுத்தது அந்த ஒலிப்பதிவுக் கருவிதான். நான் யார் என்ற கேள்விக்குப் பதிலை அவர் கண்ணாடியில் தேடவில்லை. தன்னைப் பெற்றவர்களின் பேச்சில் தேடினார்.

1990களில் அல்ஜீரியாவில் மறுபடி இரத்தம் ஓடியது. அவரது கணவரின் சகோதரரும் நாடகாசிரியருமான அப்துல் காதிர் அல்லூலா 1994இல் கொல்லப்பட்டார். ஆஸியா ஜபார் பிரான்சிலும் அமெரிக்காவிலும் வாழ்ந்து, பல்கலைக்கழகங்களில் கற்பித்தார். 2015 பெப்ரவரி 6ஆம் திகதி பாரிஸில் காலமானார். ஜனாஸா ஷெர்ஷெல் ஊருக்குக் கொண்டுவரப்பட்டு அங்கேயே நல்லடக்கம் செய்யப்பட்டது. உலகெல்லாம் சுற்றியவர் கடைசியில் உம்மாவின் ஊருக்கே வந்து சேர்ந்தார்.

நமக்கு என்ன வேலை?

சகோதரிகளே, நாம் படம் எடுக்கப் போவதில்லை. ஆனால் அவர் செய்த முதல் வேலையை நம்மில் எவரும் செய்யலாம். அன்று அவர் சுமந்து சென்ற ஒலிப்பதிவுக் கருவி, இன்று எல்லோருடைய கையிலும் தொலைபேசியாக இருக்கிறது. கலியாண வீட்டுச் சாப்பாட்டையும் பூச்சட்டியையும் அதில் பிடித்து வைக்கிறோம். உம்மும்மாவின் குரல் எத்தனை பேரிடம் இருக்கிறது?

செய்ய விரும்பும் பிள்ளைகளுக்கு ஆஸியா ஜபாரின் முறையிலிருந்து நான் விளங்கிக்கொண்ட சில சொல்கிறேன். முதலில் அனுமதி கேளுங்கள். முகம் வேண்டாம் என்றால் முகம் வேண்டாம், குரலே போதும். “உங்கள் வாழ்க்கையைச் சொல்லுங்கள்” என்று கேட்டால் “என்னத்தைச் சொல்ல” என்றுதான் பதில் வரும். கைகள் செய்த வேலையைக் கேளுங்கள்: எந்த அடுப்பில் சமைத்தீர்கள், தண்ணீர் எங்கே அள்ளினீர்கள், முதல் பிள்ளை பிறந்த இரவில் யார் பக்கத்தில் இருந்தார்கள் என்று. பேச்சுத் திசைமாறினால் தடுக்காதீர்கள். மொழியைத் திருத்தாதீர்கள். அவர் சும்மா இருக்கும் நேரத்தையும் வெட்டிவிடாதீர்கள். சில சமயம் அதில்தான் முழுக் கதையும் இருக்கும். திகதியையும் பெயரையும் குறித்து வையுங்கள். அவர் மறைக்கச் சொன்னதை மறைத்தே வையுங்கள். அது அமானிதம்.

இன்னொன்றும் உண்டு. இது இறந்துபோனவர்களுக்காகச் செய்யும் ஞாபகார்த்தம் மட்டுமல்ல. கேட்கப்படுகிற பெண் அப்போதே சற்று நிமிர்ந்து உட்காருவாள். தான் வாழ்ந்ததும் ஒரு வாழ்க்கைதான், அதையும் கேட்க ஆள் இருக்கிறது என்ற எண்ணம் அவளுக்கு வரும். கேட்கிற பேத்திக்கோ, தன் நடையும் கோபமும் சிரிப்பும் எங்கிருந்து வந்தன என்று விளங்கும்.

இன்றைக்கு மஃரிபுக்குப் பிறகு, தொலைக்காட்சியைச் சற்று நிறுத்திவிட்டு, வீட்டில் மூத்தவரின் கட்டிலில் போய் உட்காருங்கள். இதுவரை பேசியது நாம். இனி அவருடைய முறை.

வஸ்ஸலாம்.